கழுதை சாகக் கூடாது

1936இல் ஹாலிவுட்டில் ஒரு நடுத்தர ஸ்டுடியோவில் எனக்குப் படத்தை வெட்டி ஒட்டும் வேலை. அங்கே டைரக்டராக இருந்தவர் ஆர்வில் ஸ்டான்ஸ்பரி. ஆறு வருஷம் குதிரைச் சண்டைப் படங்களையே எடுத்து நொந்துபோனவர், ஒருவழியாகத் தன் சொந்தக் கதையைப் படமாக்கினார். வறட்சியில் நிலத்தை இழக்கும் ஒரு விதவை; கடைசியில் அவளுடைய கழுதையும் செத்து விழும். அத்தோடு படம் முடிந்தது.

முதலாளி கெல்ப்மன் போட்டுப் பார்த்தார். விளக்கு எரிந்ததும் சுருட்டை வாயிலிருந்து எடுத்தார்.

"யோவ் ஸ்டான்ஸ்பரி, கழுதை சாகக் கூடாது."

"சார், அது சாகறதுதான் கதையே."

"அழறதுக்கு அவனவனுக்கு வீட்லயே ஆயிரம் காரணம் இருக்குய்யா. டிக்கெட் வாங்கி வேற அழணுமா? எழுப்பி விடு. கூடவே ஒரு கல்யாணமும் வை."

"யாருக்கு சார்? கழுதைக்கா?"

"விதவைக்குய்யா! நீ எடுக்கலேன்னா வேற ஆள் எடுப்பான்."

ஸ்டான்ஸ்பரி நேராக என் அறைக்கு வந்து தொப்பியை வீசினார். "கேட்டதைவிட நாலு மடங்கு குடுக்கறேன் ஹெஸ்டர். பார்க்கறவன் காறித் துப்பணும். அந்த ஆள் தலை நிமிர்ந்து நடக்கக் கூடாது."

சொன்னபடியே எடுத்தார். செத்த கழுதை தும்மிவிட்டு எழுந்தது. மழை கொட்டியது. நிலத்தைப் பறித்த பேங்க் மேனேஜர் சேற்றில் மண்டியிட்டு மன்னிப்புக் கேட்டார். கழுதை சர்ச்சுக்குள் புகுந்து மணப்பெண்ணின் பூச்செண்டைத் தின்றுவிட்டுப் பாதிரியாரைத் துரத்தியது. ஒட்டும்போது எனக்கே கூச்சமாக இருந்தது.

படம் வெளியாகும் முன் ஜனங்கள் என்ன சொல்கிறார்கள் என்று பார்க்க, பசடேனாவில் ஒரு தியேட்டரில் போட்டுக் காட்டினார்கள். தப்பித்து ஓட வசதியாக ஸ்டான்ஸ்பரி கதவோரம் உட்கார்ந்தார். கழுதை தும்மியதும் ஒரு பெண்மணி, "ஐயோ, உசுரோட இருக்கு!" என்று கத்தினாள். அரங்கமே எழுந்து ஆரவாரித்தது. பூச்செண்டு வந்தபோது ஜனங்கள் சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தார்கள். திரும்பிப் பார்த்தேன். ஸ்டான்ஸ்பரி தொப்பியால் வாயை மூடிக்கொண்டு குலுங்கிக்கொண்டிருந்தார்.

"வெட்கமா இருக்கு ஹெஸ்டர்," என்றார். "நல்லாத்தான் இருக்கு."

மறுநாள் கெல்ப்மன் என் அறைக்கே வந்தார். "எல்லாம் பிரமாதம். பாதிரியாரைத் துரத்தறது மட்டும் நீளம். அரை நிமிஷம் வெட்டிடும்மா."

நான் கத்தரியை எடுப்பதற்குள் ஸ்டான்ஸ்பரி பாய்ந்து வந்து படச்சுருளை இரண்டு கையாலும் பொத்திக்கொண்டார்.

"ஒரு ஃப்ரேம் தொட்டீங்க, நடக்கறதே வேற! அதுதான் சார் இந்தப் படத்தோட உயிர்!"

கெல்ப்மன் என்னைப் பார்த்தார். "இதை எடுக்க மாட்டேன்னு குதிச்சது இவன்தானேம்மா?"

பகல் முழுக்க இருவரும் தொண்டை கட்டும்வரை கத்தினார்கள். சாயங்காலம் பத்து நொடி மட்டும் வெட்டுவது என்று ராஜியானார்கள். நான் வெட்டினேன். அதற்காக ஸ்டான்ஸ்பரி ஒரு வாரம் என்னோடு பேசவில்லை.