கழுத்தில் கட்டிய நெவ்ரம்

நெவ்ரம் என்ற உலோகத்துக்கு ஒரு குணம் உண்டு. அதை வெட்டி எடுத்தவன் உயிரோடு இருக்கும்வரை ரீங்காரமிட்டுக்கொண்டே இருக்கும். அதனால்தான் ஊல்தர் நிலாவில், சுரங்கத்துக்குப் போகிறவன் தான் வெட்டிய முதல் துண்டைப் பெண்டாட்டி கழுத்தில் கட்டிவிடுவான்.

சுரங்கம் சரிந்து மூன்று நாளாயிற்று. உள்ளே பதினோரு பேர்.

"எல்லாரும் செத்தாச்சு. வாசலை அடைச்சிடுங்க" என்றான் மேலாளர் தர்க்கோ.

புருஷனை உள்ளே விட்டுவிட்டு வாசலில் நின்ற ஸெலிக்காவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கழுத்தில் ரீங்காரமிட்ட நெவ்ரத் துண்டை அவன் காதில் வைத்து அழுத்தினாள்.

"கேளுய்யா! செத்தவன் துண்டா இப்படிப் பாடுது?"

"சில நேரம் அது தப்பாச் சொல்லும்மா."

"ஓஹோ! சக்கரவர்த்தி படைக்கு விக்கிறப்போ ஒருநாளும் பொய் சொல்லாதுன்னு சத்தியம் பண்ணுற. எங்க கழுத்துல தொங்கினா மட்டும் பொய் சொல்லுதா? உன் நாக்கு அழுகிப் போக!"

அப்போது, பக்கத்தில் நின்ற இன்னொரு சுரங்கக்காரன் பெண்டாட்டி இவ்னாவின் துண்டு சட்டென்று அடங்கியது. அவள் அதைத் தட்டித் தட்டிப் பார்த்தாள்.

ஸெலிக்கா கடப்பாரையை எடுத்தாள்.

"இதுவும் தப்பாச் சொல்லுதான்னு அவகிட்ட கேளு. கேட்டுட்டு வழியை விடு."