துணைக் கேள்வி

சட்டமன்றத்தில் அவருக்கு ‘ஒத்தக் கேள்வி’ என்று பெயர். மூன்று தேர்தல் ஜெயித்தவர், அதற்கு முன் பதினாறு வருடம் வக்கீல், பேச ஆரம்பித்தால் கூட்டம் கலையாது. ஆனாலும் கேள்வி நேரத்தில் ஒரு கேள்வி கேட்பார், அமைச்சர் எதையாவது சொல்லி மழுப்புவார், இவர் நன்றி சொல்லி உட்கார்ந்துவிடுவார். மேற்கொண்டு துணைக் கேள்வி கேட்க உரிமை உண்டு. மற்றவர்கள் அதற்கு அடித்துக்கொள்வார்கள். இவர் ஒரு நாளும் கேட்டதில்லை. அமைச்சர்களுக்கு அவரை ரொம்பப் பிடிக்கும், பிடிக்காமல் என்ன செய்யும்.

காரணம் அவர் மனைவிக்கு மட்டும் தெரியும். வக்கீலாக இருந்தபோது ஒரு கொலை வழக்கு. இவர் வாதாடியது ஒரு தச்சருக்காக. ஒரே சாட்சி, தெருமுனை ரொட்டிக்கடைக்காரி. அன்று கரண்ட் இல்லை, நூறடி தூரம், கண்ணாடி போடவில்லை, முகத்தைப் பார்க்கவில்லை என்று எல்லாவற்றையும் அவள் வாயாலேயே வரவழைத்தார். அதோடு உட்கார்ந்திருக்க வேண்டும். பதில் தெரியாத கேள்வியைக் கேட்காதே என்பது அந்தத் தொழிலின் அரிச்சுவடி. ஆனால் கோர்ட் நிறைய ஆட்கள், நாக்கு சும்மா இருக்கவில்லை.

“அப்புறம் எப்படிம்மா இவர்தான்னு சொல்ற?”

“இருமினாரு சார். தினம் கடைக்கு வர்றவரு, அந்த இருமல் எனக்குத் தெரியாதா?”

அவள் சொல்லி வாய் மூடவில்லை, கூண்டில் நின்ற தச்சர் இருமினார். வறட்டு இருமல், மூன்று தடவை. நீதிபதி தலை நிமிர்ந்து பார்த்துவிட்டு எழுத ஆரம்பித்தார். ஆயுள் தண்டனை.

தச்சர் செய்தாரா இல்லையா என்பது வக்கீலுக்கு இன்றுவரை தெரியாது. தன் வாய்க்கொழுப்பால் அவர் உள்ளே போனார் என்பது மட்டும் நன்றாகத் தெரியும். அடுத்த மாதமே தன் சொந்தக் கட்டடத்தில் இருந்த ஆபீஸைப் பூட்டினார். வழக்குக் கட்டுகளை யாரிடமும் ஒப்படைக்கவில்லை, அந்த அலமாரியைத் திறக்கவே கை வரவில்லை. கட்சியில் சேர்ந்தார். ஊரார் அதை மக்கள் சேவை என்றார்கள்.

இருமல் மட்டும் அவரை விடவில்லை. மாலை போடும்போது கேட்கும், குளிக்கும்போது கேட்கும். அவையில் இரண்டாவது கேள்விக்கு வாயெடுத்தால் சரியாகப் பின்வரிசையிலிருந்து கேட்கும். திரும்பினால் அங்கே யாரும் இருமியிருக்க மாட்டார்கள். பயத்தில் உட்கார்ந்துவிடுவார்.

இந்தக் கூட்டத்தொடருக்கு முன் தச்சரின் மகள் அவரைத் தேடி வந்தாள். பஸ் டிப்போவில் மெக்கானிக், நகக்கண்ணில் கிரீஸ்.

“அப்பா உள்ள போனப்பவே போனவங்கல்லாம் வெளிய வந்துட்டாங்க. இவரை மட்டும் ஏன் விடலன்னு கேட்டா எவனும் பதில் சொல்ல மாட்டேங்கிறான். இன்னொரு குளிர்காலத்தை அவரு தாங்க மாட்டாரு சார். நீங்க சபையில கேளுங்க. அப்பா இன்னும் உங்களப் பத்தித்தான் பேசுவாரு, ‘எனக்காகத் தொண்டை கிழியப் பேசின மனுஷன்’னு.”

அவருக்குச் சோறு இறங்காமல் போனது அன்றிலிருந்துதான்.

கேள்வி நாளில் அவள் பார்வையாளர் மாடத்தில் உட்கார்ந்திருந்தாள். அவர் கேட்டார். “பரிசீலனையில் உள்ளது” என்று அமைச்சர் காகிதத்தை மடித்தார். சபாநாயகர் வழக்கம்போல அடுத்த பெயரைக் கூப்பிட வாயெடுத்தார். இவர் மேலே பார்த்தார். அவள் கைப்பிடிக் கம்பியைப் பிடித்துக்கொண்டு எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தாள். பின்னால் இருமல் கேட்டது.

“துணைக் கேள்வி” என்றார்.

அவையே திரும்பிப் பார்த்தது. “எத்தனை வருடமாகப் பரிசீலனை? தாமதம் யாரால்?”

அதிகாரி ஒருவர் துண்டுச்சீட்டை நீட்ட, அமைச்சர் படித்தார். “நான்கு வருடமாக. விடுதலை மனுவில் அவருடைய வக்கீல் கையெழுத்திட வேண்டும், அல்லது வழக்கிலிருந்து விலகியதாக எழுதித் தர வேண்டும். இரண்டும் இல்லை. மூன்று முறை கடிதம் அனுப்பினோம், ஆபீஸ் பூட்டியிருப்பதாகத் திரும்பி வந்தது. வக்கீல் இருக்கும்போது குடும்பத்துக்கு எழுத விதியில் இடமில்லை. இதில் அரசின் தவறு என்ன?”

ஆளுங்கட்சி மேஜையைத் தட்டியது. “எங்கய்யா போனான் அந்த வக்கீல்?” என்று ஒருவர் கத்த, ஒரே சிரிப்பு.

அந்த மண்டபத்தில் அது யாரென்று தெரிந்தவர்கள் இருவர்தான். பேசாமல் உட்கார்ந்துவிடலாம், அவருக்குப் பழகிய வேலைதான். அவர் மாடத்தைப் பார்த்தார். அவள் கம்பியிலிருந்து கையை எடுத்திருந்தாள்.

“எங்கேயும் போகவில்லை. இங்கேதான் இருக்கிறான்” என்றார். “அது நான்தான்.”

வேடிக்கை என்று நினைத்தார்கள் போலிருக்கிறது, சிரிப்பு அடங்கக் கொஞ்ச நேரம் பிடித்தது.

வெளியே நடையில் அவள் கையில் மனுவோடு நின்றாள்.

“எங்க கையெழுத்துப் போடணுமோ போடுங்க.”

இப்போது ‘சார்’ இல்லை. சுவரில் வைத்துப் போட்டார். எழுத்து கோணிக்கொண்டு போனது.

“அம்மா, அப்பாவ நானே போய்க் கூட்டிட்டு வந்து…”

“வேண்டாம், நாங்க பாத்துக்கிறோம்.” காகிதத்தை வாங்கிக் கையெழுத்தைச் சரிபார்த்தாள். “அவரு வெளிய வந்ததும் முதல்ல உங்க வீட்டுக்குத்தான் வருவாரு. நன்றி சொல்லணும்னு நிப்பாரு. நான் சொன்னாக் கேக்க மாட்டாரு. அன்னைக்கு மட்டும் வீட்ல இல்லன்னு சொல்லச் சொல்லுங்க.”