இத்தா வீட்டு விசாரணை

"இந்த மாசக் கடைசிக்குள்ள ஊட்டக் காலி பண்ணணுமாம், மதினி!"

தெருவில் நின்றபடியே கொழுந்தன் மர்சூக் சத்தம் போட்டுச் சொன்னான். கதவில் தொங்கிய திரைக்கு உள்ளே ஹவ்வா வெள்ளைச் சேலையோடு நின்றிருந்தாள். அவள் கணவன் ஹுசைன் இறந்து இன்னும் நாற்பது கழியவில்லை. பட்டின சபையில் தண்ணீர்க் குழாய் பார்த்த மனுஷனுக்குச் சபை கொடுத்த வீடு அது. ஆள் போனதும் வீட்டைத் திரும்பக் கேட்டு உத்தரவு வந்துவிட்டது.

"அப்பீல் பண்ணலாம்னு போட்டிருக்கா, மச்சான்?"

"போட்டிருக்கு. ஆனா சபைக் கந்தோருக்கு நேர்ல போய்ப் பேசணும். நீங்க இத்தாவுல இருக்கீங்க. நாலு மாசம் பத்து நாள் வாசப்படி தாண்டக் கூடாது, அந்நிய ஆம்புள கண்ணுல படக் கூடாது. நானே, சொந்த நானாட ஊடுன்னும் பாக்காம ரோட்டுல நின்னுதானே பேசுறேன்? கவலப்படாதீங்க. நான் போய் ஊட்ட என் பேருக்கு மாத்திக்கிறேன். நீங்க புள்ளைங்கள கூட்டிக்கிட்டு எல்கடுவயில உங்க உம்மாகிட்ட போய் இருங்க."

கணவனை இழந்தவள் இத்தா இருப்பது மார்க்கம் சொன்னது. துக்கத்தில் இருப்பவளை யாரும் தொல்லை செய்யாமல் விட வேண்டும் என்றுதான் சொன்னது. அதையே பூட்டாக்கிச் சாவியைத் தன் இடுப்பில் செருகிக்கொள்ள மர்சூக் மாதிரி ஆட்களுக்கு யார்தான் சொல்லிக் கொடுத்தார்களோ!

அவனுக்குக் கடைத்தெருவில் மிளகும் கொக்கோவும் வாங்கி விற்கும் வியாபாரம். கடைக்கு மேலே நல்ல மாடி வீடும் உண்டு. மூட்டை அடுக்கத்தான் இடம் போதவில்லை. ஜனாஸா அடக்கத்தன்றே இந்த வீட்டு முன்கூடத்தை அவன் மேலும் கீழும் பார்த்த பார்வையை ஹவ்வா கவனித்திருந்தாள். அண்ணனைத் தேடுகிற பார்வை இல்லை அது.

அவன் போனதும் ஹவ்வாவுக்கு அழுகை வந்தது. பள்ளிக்கூடம் தூரமான எல்கடுவைக்குப் போனால் இரண்டு பெண்பிள்ளைகளின் படிப்பு அதோடு சரி. நன்றாக அழுதாள். அழுது முடித்ததும் கோபம் வந்தது. அது அழுகையைவிட உபயோகமாக இருந்தது.

பக்கத்து வீட்டுத் தங்கம்மா கொல்லைப் பக்கமாக வந்தாள். அவள் புருஷன் செல்லச்சாமியும் சபைத் தொழிலாளிதான்.

"என்னக்கா செய்யப் போறீங்க?"

"நான் கந்தோருக்குப் போகத்தானே கூடாது, தங்கம்மா? கந்தோர் இங்க வரக் கூடாதுன்னு ஒருத்தரும் சொல்லல்லியே!"

தங்கம்மா வாய்விட்டுச் சிரித்தாள். துக்க வீடு என்று நினைவு வந்து வாயைப் பொத்தினாள். பார்த்தால் ஹவ்வாவும் சிரித்துக்கொண்டிருந்தாள்.

மறுநாள் காலையிலேயே தங்கம்மா கந்தோருக்குப் போய்விட்டாள். பியூன் விரட்டினான், அவள் நகர்ந்தால்தானே! நல்ல சிங்களத்தில் கூடமே கேட்கும்படி விஷயத்தைச் சொன்னாள். விசாரணை உத்தியோகத்தர் ஏக்கநாயக்க கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு, "அந்த அம்மா வர முடியாவிட்டால் நாங்கள் போனால் என்ன குறைந்துவிடும்?" என்றார். நல்ல மனுஷன்.

வெள்ளிக்கிழமை ஜும்மாவுக்குப் பிறகு ஹவ்வாவின் வாசலில் நாற்காலி போட்டு ஏக்கநாயக்க உட்கார்ந்தார். அந்தத் தெருத் தையல் கடைக்காரர்கள் கழுத்தில் அளவு நாடாவோடு வந்து கூடினார்கள். மர்சூக் தனியாக வரவில்லை. பள்ளிவாசல் தர்மகர்த்தா ஜுனைதீன் ஹாஜியாரையும் துணைக்குக் கூட்டி வந்திருந்தான்.

"மதினி அந்நிய ஆம்புளைங்களுக்கு முன்னால பேசக் கூடாது. நான்தான் பேசுவேன். சொல்லுங்க ஹாஜியார்!"

"தேவைக்குப் பேசலாம், மர்சூக்" என்றார் ஹாஜியார். "மார்க்கத்தக் கொஞ்சம் கொறச்சுச் சொல்லு."

ஏக்கநாயக்க சபையின் விதியைச் சிங்களத்தில் விளக்கினார். இறந்தவரோடு அதே வீட்டில் வாழ்ந்து, இப்போதும் அங்கேயே இருக்கிற குடும்பத்து ஆள் ஒருவருக்கு வீட்டை மாற்றிக் கொடுக்கலாம். அதற்கு வயது வந்த ஆளாக இருந்தால் போதும்.

ஹவ்வா வாயைத் திறப்பதற்குள் மர்சூக் முந்திக்கொண்டான்.

"அது நான்தான், மஹத்தயா! ஹுசைன் நானா இருக்கறப்பவும் இங்கதான் இருந்தேன். இப்பவும் தெனமும் இந்த ஊட்டுலதான் படுக்கிறேன்!"

அவன் அப்படியே சாதித்தால் பேர் கெடுவது ஹவ்வாவுக்குத்தான். ஆண்கள் சொல்லும் பொய்க்கும் ஊர் பெண்களிடம்தானே கணக்குக் கேட்கும்! ஆனாலும் திரைக்குப் பின்னாலிருந்து அவள் குரல் தெளிவாகவே வந்தது.

"ஹாஜியார், மார்க்கத்துல ஒரு மஸ்அலா கேக்கணும்."

"கேளுங்க, மகள்."

"இத்தா இருக்கிற பொம்பளையிட ஊட்டுல, அவ மாப்பிள்ளையிட தம்பி ராத்தங்கலாமா?"

"அஸ்தஃபிருல்லாஹ்! அவன் மஹ்ரம் இல்ல, அந்நிய ஆம்புள. எப்படித் தங்க ஏலும்?"

"அப்ப எங்க மச்சான் பள்ளிவாசலுக்கு விரோதமா நடந்தாரா, இல்ல மஹத்தயாவுக்கு முன்னால பொய் சொன்னாரா? ரெண்டுல எதுன்னு அவரே சொல்லட்டும். இத்தா சட்டத்த எனக்கு ரோட்டுல நின்னு சொல்லித் தந்ததும் அவருதான்."

தையல்காரர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். தங்கம்மா அதைச் சிங்களத்தில் மொழிபெயர்த்தாள். தன் பங்குக்குக் கொஞ்சம் காரமும் சேர்த்திருப்பாள் போல. ஏக்கநாயக்கவுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. ஹாஜியார் மட்டும் சிரிக்காமல் மர்சூக்கையே பார்த்தார்.

மர்சூக் தொப்பியைக் கழற்றினான், திரும்பப் போட்டான்.

"நான்... கடை மாடியிலதான் படுக்கிறேன்" என்றான்.

உத்தரவு ரத்தானது. அடுத்த மாதத்திலிருந்து வீடு ஹவ்வா பேரில் என்று அந்த இடத்திலேயே முடிவாயிற்று. தெருப் பெண்கள் ஜன்னல்களில் நின்று ஆளுக்கொன்று பேசினார்கள். உள்ளே பிள்ளைகள் இரண்டும் உம்மாவின் இடுப்பைக் கட்டிக்கொண்டு குதித்தன.

தங்கம்மா தன் வீட்டில் தேத்தண்ணி ஊற்றி எல்லோருக்கும் கொண்டுவந்தாள். வெயில் தாங்காமல் மர்சூக் வாசற்படியில் ஒரு காலைத் தூக்கி வைத்தான்.

"தங்கம்மா" என்றது திரைக்குள்ளிருந்து குரல், "மச்சானுக்கு ரோட்டுலயே குடு. இத்தா முடியிற வரைக்கும் அவரு உள்ள வரக் கூடாது."

"முடிஞ்ச பொறகு வரலாமாக்கா?"

ஹவ்வா திரையை இழுத்துச் சரிசெய்தாள்.

"ஊடு என் பேருலதானே? யோசிச்சுச் சொல்றேன்."