திறந்த முறிவு, இடக்கைப் பெருவிரல்

கண்டியில் ஓர் ஆஸ்பத்திரியின் பதிவேட்டு அறையில் கலாராணிக்குப் பதினோரு வருஷ வேலை. வீட்டுக்குப் போன, இறந்துபோன நோயாளிகளின் டிக்கட்டுகள், அதாவது சிகிச்சைக் குறிப்பேடுகள், கட்டுக்கட்டாக அவள் மேசைக்கு வரும். டொக்டர் எழுதியதை வாசித்து, அதற்குரிய குறியீட்டைக் கணினியில் ஏற்ற வேண்டும். பெருவிரல் எலும்பு முறிவுக்கு ஓர் எண் உண்டு. காயம் தோலைத் திறந்து எலும்பு வரை போயிருந்தால் கடைசியில் ஒன்று, தோல் திறக்காவிட்டால் சைபர். டொக்டர் எதுவும் சொல்லாமல் விட்டிருந்தாலும் சைபர்தான். விதி அப்படி.

ஜூலை மாதத்து மழை நாளொன்றில், பத்து மணித் தேநீர் குடித்த கையோடு, பொன்னையா என்பவரின் டிக்கட்டை எடுத்தாள். ஐம்பத்தொரு வயது. தெல்தோட்டைப் பக்கம் ஒரு மாட்டுப் பண்ணையில் வேலை. முன்பக்கத்தில் 'இடக்கைப் பெருவிரல் முறிவு, விழுந்தது' என்று மட்டும் இருந்தது. தாள் பறக்காமல் இடக்கையால் அமுக்கிக்கொண்டு, வலக்கையைச் சைபருக்குக் கொண்டுபோனாள்.

அவளுடைய இடக்கைப் பெருவிரலை யாரோ பிடித்தார்கள்.

குளிர்ந்த, சொரசொரப்பான, வேலை செய்து தடித்த ஒரு கை. நோகப் பிடிக்கவில்லை. விடவும் இல்லை. கலாராணி மூச்சையும் அடக்கிக்கொண்டு அப்படியே இருந்தாள். எதிர் மேசையில் கமலாசனி அக்கா யாருடனோ தொலைபேசியில் சிரித்துப் பேசிக்கொண்டிருந்தார். பிடி தளர்ந்தபோது தாள் தானாகப் புரண்டு, உள்பக்கம் தெரிந்தது. தாதியின் கையெழுத்து: 'காயத்தினூடாக எலும்பு தெரிகிறது. புல் வெட்டும் மெஷினில் அகப்பட்டதாக நோயாளி சொல்கிறார்.'

சைபரை விட்டு ஒன்றைப் போட்டாள். பிறகு அந்தப் பண்ணையின் விலாசத்தைப் போட்டுத் தேடினாள். பத்து வருஷத்தில் இன்னும் ஆறு பேர். ஆறு பேருக்கும் இடக்கைப் பெருவிரல், ஆறு பேருக்கும் திறந்த முறிவு. காரணம் மட்டும் ஒவ்வொன்று. ஒருவர் விழுந்தாராம், ஒருவருக்குக் கதவு இடித்ததாம், ஒருவர்மேல் கல் உருண்டதாம். மெஷின் என்ற சொல்லே இல்லை.

வியாழக்கிழமை பொன்னையா காயத்துக்கு மருந்து கட்ட வந்தார். கிளினிக்கில் நோயாளிகள் காத்திருக்கும் நீள வாங்கில் அவருக்குப் பக்கத்தில் போய் இருந்தாள் கலாராணி.

"ஐயா, உண்மையா என்ன நடந்தது?"

அவர் சுற்றுமுற்றும் பார்த்தார். "பண்ணைத் தொரதான் 'விழுந்தேன்'னு சொல்லச் சொன்னாருங்க மிஸ். புல்லு சிக்கிக்கிச்சுன்னு சுவிட்ச நிப்பாட்டிட்டுத்தான் கைய வச்சேன். நிப்பாட்டினாலும் அது சில நேரம் தானா ஓடும். எல்லாருக்கும் தெரியும்."

"அப்ப கையை உள்ளுக்கு இழுத்ததோ?"

"மெஷின் உள்ள இழுத்துச்சுங்க." குரலைத் தாழ்த்தினார். "ஆனா முழுசா இழுக்குறதுக்கு முந்தியே ஒரு கை எம் பெருவெரலப் புடிச்சு வெளிய இழுத்துச்சு. பொம்பள கை. சில்லுன்னு இருந்துச்சு. அது மட்டும் இல்லேன்னா முழங்கை வரைக்கும் போயிருக்கும். மத்தவங்களக் கேட்டாலும் இதத்தான் சொல்லுவாங்க."

"ஆர் அது?"

"செங்கமலம் அக்கான்னு ஒருத்தங்க இருந்தாங்க. முதமுதல்ல மாட்டுனது அவங்கதான். ஒண்டியா நின்னு வேல செஞ்சாங்க, புடிச்சு இழுக்க ஆளில்ல. இங்கதான் கொண்டாந்து போட்டாங்க. ஒம்பதாம் நாளு செத்துப் போனாங்க."

மத்தியானச் சாப்பாட்டை விட்டுவிட்டுப் பழைய டிக்கட்டுகள் அடுக்கிய அறைக்குப் போனாள். முற்பகல் முழுக்க மழை பெய்து அறை ஈரவாடை அடித்தது. செங்கமலத்தின் டிக்கட் அடித்தட்டில் கிடைத்தது. முன்பக்கம்: 'பெருவிரல் முறிவு, விழுந்தது.' ஓரத்தில் சிவப்பு மையில் குறியீடு, கடைசியில் சைபர். பக்கத்தில் குறியீடு போட்டவரின் சுருக்கொப்பம்.

அது அவளுடையதுதான். வேலைக்கு வந்த முதல் மாதம்.

உள்பக்கத்தைப் புரட்டினாள். கை நசுங்கியிருந்தது, காயத்தில் புல் இருந்தது, மெஷின் என்று அந்தப் பெண் திரும்பத் திரும்பச் சொன்னது, எல்லாவற்றையும் யாரோ ஒரு தாதி ஒழுங்காக எழுதி வைத்திருந்தாள். கலாராணி அன்று அந்தப் பக்கத்தைத் திறக்கவே இல்லை. திறந்திருந்தால் வேலைத்தள விபத்தென்று பதிவாகியிருக்கும். யாராவது போய்ப் பார்த்திருப்பார்கள். தட்டுகளுக்கு நடுவே குந்தியிருந்து அழுதாள்.

ஏழு டிக்கட்டுகளோடு அதையும் சேர்த்துத் தலைமைப் பதிவேட்டு அலுவலர் நவரட்ணராஜாவின் மேசையில் வைத்தாள்.

"பதினொரு வருஷத்துப் பழசு, பிள்ளை. புள்ளிவிவரமெல்லாம் எப்பவோ மேலிடத்துக்குப் போட்டுது. இப்ப கிண்டினால் உமக்குத்தான் விளக்கம் கேட்டுக் கடிதம் வரும்."

"வரட்டும் சேர். பிழை என்ரை."

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பிறகு தொழில் திணைக்களத்துக்குப் போகும் அறிக்கையில் கையெழுத்து வைத்தார்.

கலாராணிக்குக் கடிதம் வந்தது. சம்பள உயர்வு ஒரு வருஷம் தள்ளிப்போனது. தொழில் பரிசோதகர்கள் பண்ணைக்குப் போய் மெஷினுக்கு முத்திரை வைத்தார்கள். முதலாளிமேல் வழக்கு விழுந்தது. ஓகஸ்ட் கடைசியில் மெஷினை லொறியில் ஏற்றிக்கொண்டு போனார்கள்.

இந்தச் செய்தியைச் சொல்வதற்கென்றே பொன்னையா பதிவேட்டு அறை வாசல்வரை வந்தார். கட்டுப் பிரித்திருந்தது. விரல் பாதிதான் மிஞ்சியிருந்தது.

"இனிப் பயமில்லைத்தானே ஐயா?" என்று கேட்டாள் கலாராணி.

"மெஷின் போயிருச்சுங்க. அக்கா போகல. காலையில மாடுங்கள வெளிய வெரட்டுறப்ப, மெஷின் இருந்த எடத்துக்கிட்ட வந்ததும் எல்லாம் ஒதுங்கி ஒதுங்கிப் போகுதுங்க. அங்க ஆள் நிக்கிற மாதிரி. ஒரு கன்னுக்குட்டி மட்டும் நின்னு நக்கிட்டுப் போகுது."

"என்னத்தை?"

"ஒண்ணுமில்லீங்க. வெறுங்காத்த," என்றார் பொன்னையா. "உப்புக் கைய நக்குமில்ல, அப்படி."