பெயர் கூவி வைத்த தீ

கிழக்கு வெளுக்கும் முன்பே சாந்தம்மாளின் கூட்டம் காப்புக்காட்டுச் சரிவில் குனிந்திருந்தது. காய்ந்த புல் முழங்கையைக் கீறியது. வியர்வை பட்ட கீறல் மிளகாய் தடவியதுபோல் எரிந்தது. காட்டுத்தீ தாண்டாதிருக்கப் புல்லையும் சருகையும் வழித்து மண்ணைக் காட்டவேண்டும். அதற்குத் தீக்கோடு என்று பெயர். ஒடுக்கமாக வெட்டினால் தீ ஒரே எட்டில் தாண்டிவிடும்.

கூலியை மிச்சம் பிடிக்கக் காண்ட்ராக்டர் அருணகிரி ஒடுக்கமாகத்தான் வெட்டச் சொன்னார். போளூரில் புளி பேரம் பேசி வளர்ந்தவர். புன்னகையைக்கூடத் தராசில் வைத்துத்தான் எடுப்பார். போன வாரம் தீ தாண்டியது. கீழ்ப்பள்ளத்தில் குட்டிபோட்ட கரடியின் குகை. சாந்தம்மாளின் தம்பி மோகன் முன்னால் ஓடி எதிர்த்தீ வைத்தான். வருகிற தீக்கு இரை மிஞ்சாமல் எதிரே உள்ள புல்லை நாமே கொளுத்திவிடுவது அது. கொளுத்துகிறவர் தன் பெயரை உரக்கக் கூவவேண்டும் என்பது மலை வழக்கம். இல்லாவிட்டால் புகைக்குள் நிற்பவர்கள் இரண்டு தீக்கு நடுவில் மாட்டிக்கொள்வார்கள்.

"மோகன் வெக்கிறேன்!"

தீ அடங்கியது. கரடி பிழைத்தது. அவன் கைகள்தாம் வெந்தன.

அருணகிரி அந்தக் கூவலை மட்டும் தனியே பொறுக்கி எடுத்துக்கொண்டார். "வெச்சவனே ஒத்துக்கினான், ஊரே கேட்டுது" என்று வனத்துறை அதிகாரிகளிடம் சொல்லிவிட்டார். கட்டுப்போட்ட கையோடு மோகன் கீழே அவர்கள் ஆபீசில் விசாரணையில் உட்கார்ந்திருக்கிறான்.

அருணகிரியின் ஜீப் வந்து நின்றது.

"இன்னா சாந்தம்மா, எல்லாரும் ஆபீசுக்கு வந்து, மோகன் கூவுனத கேட்டோம்னு சொல்லிடுங்க. உள்ளதத்தான சொல்லச் சொல்றேன்?"

"பாதி உள்ளதுங்க. கோட்ட ஒடுக்கமா வெட்டச் சொன்னது யாரு? அந்த மீதிய யாரு கூவறது?"

"வாய அளந்து பேசு. வேல வேணுமா, வேணாமா?"

கூட்டத்தில் இருந்த ரங்கன் அரிவாளைக் கீழே போட்டான். "நீங்களே அறுத்துக்கங்க. உங்க கைக்குப் புல்லு மெத்துனு இருக்கும்."

எல்லாரும் சிரித்தார்கள். அதே நேரம் மேல்முகட்டில் புகை எழுந்தது. அருணகிரிக்குத் திடீரென்று மரியாதை முளைத்தது.

"போங்கம்மா... சீக்கிரம் போங்க!"

"எரியட்டும் வுடு," என்றாள் மணியம்மாள். "அவரு காண்ட்ராக்ட் வெந்தா நமக்கு இன்னா?"

"காடு அவரு வூடா? நம்ம வூடு, கரடி வூடு," என்றாள் சாந்தம்மாள். "அணைக்கலாம். ஆனா அந்தாளு எழுதிக் குடுக்க ஒத்தப் பேரு கெடைக்கக் கூடாது."

முகட்டில் தோளோடு தோளாக வரிசை கட்டினார்கள். சாந்தம்மாள் சருகைச் சுருட்டிப் பந்தம் கொளுத்தி, எதிர்த்தீயாகப் புல்லில் வைத்தாள்.

"சாந்தம்மா வெக்கிறேன்!"

அவள் பந்தத்திலேயே தன் பந்தத்தைப் பற்றவைத்தான் ரங்கன். "ரங்கன் வெக்கிறேன்!"

"மணியம்மா வெக்கிறேன்!"

வரிசை முடியும்வரை பெயர்கள் ஓடின. கீழே அருணகிரி போனைக் காதில் வைத்தபடி, யார் பெயரைச் சொல்வதென்று தெரியாமல் நின்றார்.

தீ அடங்கியதும் கரிபூசிய முகங்களோடு இறங்கினார்கள். ஜீப் கதவைத் திறந்து பிடித்தார் அவர். "ஏறுங்க, பேசித் தீத்துக்கலாம்."

"நாங்க ஆபீசுக்குத்தாங்க போறோம். மோகனக் கூட்டியார. தீக்கோட்டுக் கதையும் சொல்லணும்."

"அதான், ஜீப்புல ஏறுங்க."

"வேணாங்க. ஜீப்புல எடம் பத்தாது."

பத்துப் பேர்தானே என்பதுபோல் பார்த்தார் அருணகிரி. சாந்தம்மாள் எதிர்ச்சரிவைப் பார்த்துக் கைகளை வாயில் குவித்தாள்.

"சாந்தம்மா போறேன்! மோகனுக்காகப் போறேன்!"

அங்கே கடுக்காய் பொறுக்கிக்கொண்டிருந்த யாரோ நிமிர்ந்தார்கள். கூடை தரையில் விழும் ஓசை கேட்டது. பிறகு, பள்ளத்தைத் தாண்டி, தெளிவாக:

"கெங்கம்மா வர்றேன்!"