ஒடிலோன் மேடைக்கு அழைக்காத ஆள்

ஒடிலோன் பிரேசில் நடிகர். இருபது வருடமாகக் கரும்பு வெட்டுகிறவன், குப்பை பொறுக்குகிறவன் என்று உழைத்துத் தேய்கிறவர்களாகவே நடித்து வருகிறவர். ஒவ்வொரு படத்துக்கு முன்பும் அந்த வேலை செய்கிற ஒருவரோடு மூன்று வாரம் நிற்பார். படம் வெளியாகும் நாளில் அந்த ஆளை மேடைக்கு அழைத்து, "இவரிடம்தான் படித்தேன்" என்பார். என்னை மட்டும் அழைக்கக் கூடாது என்று சத்தியம் வாங்கியிருந்தேன்.

போன வருடம் ஜெர்மனியில், டோர்ட்மண்டில், எங்கள் பாண் தொழிற்சாலையில், ரொட்டிக்கு மாப் பிசையும் மெஷினில் என்னோடு நின்றார். ஒருநாள் பஸ் தரிப்பில் என் வாய் சும்மா இருக்கவில்லை. வேலை வேகமாக நடக்கவென்று மேலாளர் கிராம்ஸ் மெஷினின் பாதுகாப்பு மூடியைக் கழற்றியது, மறுநாள் என்னோடு வேலை செய்த ஜெசிந்தன் அதற்குள் இழுபட்டுச் செத்தது, நான் எதையும் பார்க்கவில்லை என்று பொலிசுக்குச் சொன்னது, எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். மூடியைக் கழற்றியது ஜெசிந்தன்தான் என்று நிர்வாகம் எழுதிவிட்டது. அதை எதிர்த்து வருகிற செவ்வாய்க்கிழமை வழக்கு. அவன் மனைவி சாரங்காவுக்குச் சாட்சி யாரும் இல்லை.

அந்தச் சாரங்காதான் என்னைப் படத்தின் முதல் காட்சிக்கு இழுத்து வந்தாள். அவளுக்கும் அதே தொழிற்சாலையில் துப்புரவு வேலை. "பாண் ஃபக்டரிப் படமாம், வாங்கோ இரத்தினம் அண்ணை," என்றாள். இரண்டு வரிசை முன்னால் கிராம்ஸ் உட்கார்ந்திருந்தார். நான் இருக்கையில் சரிந்து உட்கார்ந்தேன்.

படத்தில் பெயர், ஊர் எல்லாம் மாற்றியிருந்தார்கள். மனுஷன் சொன்ன சொல் தப்பவில்லை என்று மூச்சு விட்டேன். அப்போது திரையில் ஒடிலோன் மெஷினைப் போடுமுன் அதைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

இந்த ஊரில் எவன் மெஷினைத் தொட்டுக் கும்பிடுவான்? பதினாலு வருடமாக நான் செய்கிறேன். செய்கிறேன் என்பதே எனக்கு மறந்துபோன பழக்கம். அதுவும் வேலையில் ஒரு பகுதி என்று நினைத்துப் படித்திருக்கிறார், பாவி மனுஷன்!

கிராம்ஸின் தலை திரும்பியது. வரிசை வரிசையாகத் தேடி என்னிடம் வந்து நின்றது. திரையில் மேலாளர் மூடியைக் கழற்ற, ஒடிலோன் தூணுக்குப் பின்னால் நின்று பார்த்துக்கொண்டிருந்தார்.

சாரங்கா என் கையை இறுகப் பிடித்தாள். "அண்ணை, அது நீங்கள்தானே?"

நான் தலையைக் குனிந்தேன்.

"எல்லாம் பாத்துப்போட்டு, என்ர வீட்டில வந்திருந்து தேத்தண்ணியும் குடிச்சனீங்கள்."

"வேலை போயிடும் எண்டு பயந்திட்டன், தங்கச்சி."

"அவருக்கு உயிர் போயிட்டுது."

கையை விட்டுவிட்டாள்.

படம் முடிந்து ஒடிலோன் மேடைக்கு வந்ததும் முதல் கேள்வி கிராம்ஸிடமிருந்து வந்தது. சிரித்துக்கொண்டே கேட்டார்: "மெஷினைத் தொட்டுக் கும்பிட யாரிடம் படித்தீர்கள்?"

ஒடிலோன் என்னைப் பார்த்தார். முகம் வெளிறிவிட்டது. "யாரிடமும் இல்லை. நானே யோசித்தது," என்றார்.

இருபது வருடத்தில் அந்த மனுஷன் மேடையில் சொன்ன முதல் பொய்யாகத்தான் இருக்கும். அதுவும் எனக்காக. வெட்கம் என்னைப் பிடுங்கித் தின்றது.

எழுந்து நின்றேன். "என்னிடம்தான் படித்தார்," என்று ஜெர்மனில் சத்தமாகச் சொன்னேன். "மூடியை நீங்கள் கழற்றினதை நான் பார்த்தேன், ஹெர் கிராம்ஸ். செவ்வாய்க்கிழமை கோர்ட்டிலும் சொல்லுவேன்."

மண்டபம் முழுக்க என்னைத் திரும்பிப் பார்த்தது. சாரங்கா மட்டும் பார்க்கவில்லை. எழுந்து கோட்டைப் போட்டுக்கொண்டாள்.

"ஒன்பது மணிக்கு. பிந்தாமல் வாங்கோ," என்றாள்.

அண்ணை என்று சொல்லவில்லை.