அறுபத்து மூன்று திருத்தங்கள்

பத்தேகால் வண்டி டிப்போவை விட்டுப் போனதும் டைம் கீப்பருக்குக் கொஞ்சம் மூச்சு விட நேரம் கிடைக்கும். நாற்காலியில் சாய்ந்துகொள்வார். தூக்கம் வராது. எட்டு வருஷமாகவே அவருக்குத் தூக்கம் அரைகுறைதான்.

அன்றைக்கு ஹாரன் வந்து எதிரில் உட்கார்ந்தான். தெருவில் நாய் குறுக்கே வந்தாலும் வராவிட்டாலும் ஹாரன் அடிக்கிற டிரைவர் என்பதால் டிப்போவில் அவனுக்கு அந்தப் பேர்.

"அண்ணே, உங்க பொண்ணுக்கு ஒரு லிஸ்ட் வச்சிருப்பீங்களே, அது ஒரு காப்பி வேணும். என் மச்சினி மகனுக்கும் வேர்க்கடலை ஆகலையாம். மூஞ்சி பூசணிக்கா மாதிரி வீங்கிடுச்சு."

டைம் கீப்பர் மேஜை இழுப்பறையிலிருந்து பதினாலு பக்கக் கட்டை எடுத்து நீட்டினார். கொடுக்கும்போது கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது.

அந்த லிஸ்ட் உருவான கதையைச் சொல்ல வேண்டும். மகளுக்குப் பத்து வயதில் ஒரு துண்டு கேக் தின்றதில் தொண்டை வீங்கி அடைத்து, ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடினார்கள். காரணம் வேர்க்கடலை. அதற்குப் பிறகு கடையில் எதை எடுத்தாலும் பயம். அப்போதுதான் இன்டர்நெட்டில் ஒரு கருவி கண்ணில் பட்டது. பெரிய கம்பெனி ஒன்று சோதனைக்காக விட்டிருந்தது. மற்ற தேடல் மாதிரி நூறு லிங்க்கைக் கொட்டிவிட்டு நீயே பொறுக்கிக்கொள் என்று சொல்லாது. 'பிஸ்கட்' என்று அடித்தால் ஊரில் உள்ள பிஸ்கட் எல்லாவற்றையும் வரிசையாக அடுக்கி, என்ன எண்ணெய், எந்தத் தொழிற்சாலை என்று கட்டம் போட்டுக் காட்டும். 'வேர்க்கடலை உண்டா?' என்று அவர் பக்கத்தில் நெடுக ஒரு பத்தி சேர்த்தார். அதுவே இணையம் முழுக்கத் துழாவி உண்டு, இல்லை என்று நிரப்பியது. கம்பெனி வைத்த பேர் வாயில் நுழையவில்லை. வீட்டில் அதற்குக் 'கட்டம்' என்று பேர்.

கட்டம் சில இடத்தில் தப்பாகச் சொல்லும். இவர் விடமாட்டார். தொழிற்சாலைக்கே போன் போட்டுக் கேட்பார். தப்பு என்று தெரிந்தால் அந்தப் பதிலைச் சொடுக்கித் திருத்துவார். எட்டு வருஷத்தில் நானூற்றுப் பன்னிரண்டு பண்டங்கள், அறுபத்து மூன்று திருத்தங்கள்.

போன மாதம் கம்பெனி கடையை மூடிவிட்டது. சோதனை முடிந்ததாம், நன்றியாம். போவதற்கு முன்னால் 'உங்கள் அட்டவணையை இறக்கிக்கொள்ளுங்கள்' என்று ஒரு பொத்தான் மட்டும் வைத்திருந்தார்கள். அழுத்தினார், வந்தது. முதல் பக்கத்தைப் பார்த்தார், எல்லாம் சரியாக இருந்தது. அதற்கு மேல் பார்க்க உடம்பில் தெம்பு இல்லை. இரண்டு காப்பி எடுத்து, ஒன்றை மகள் சேரப்போகும் காலேஜ் ஹாஸ்டலில் கொடுத்தார். மகள் போய் மூன்று நாள் ஆகிறது.

ஹாரன் எழுத்துக் கூட்டி வாசித்துக்கொண்டிருந்தான். "மஞ்ச உறை போட்ட ஓட்ஸ் பிஸ்கட்... வேர்க்கடலை... இல்லை. அட, இது நல்லாருக்குமே."

டைம் கீப்பர் நிமிர்ந்தார். "என்ன சொன்னே?"

"இல்லைன்னு போட்டிருக்குண்ணே."

"உண்டுன்னு இருக்கணும்டா. நானே மாத்தினேன். ஒரே மெஷின்லதான் கடலை பிஸ்கட்டும் ஓட்டறோம்னு அந்த மானேஜர் என்கிட்ட சொன்னாரு."

காகிதத்தைப் பிடுங்கிப் பார்த்தார். எட்டாம் பக்கத்தில் ரொட்டி, அவர் திருத்தியது, 'இல்லை' என்று இருந்தது. பதினோராம் பக்கத்தில் சாஸ், அதுவும் அப்படியே. பிறகுதான் புரிந்தது. கட்டம் தானாகப் பொறுக்கியதை மட்டும் மூட்டை கட்டிக் கொடுத்திருக்கிறது. இவர் கைப்பட மாற்றியது ஒன்றுகூட அதில் வரவில்லை. திரும்பிப் போய்ப் பார்க்க இப்போது கட்டமும் இல்லை.

மகளுக்குப் போன் போட்டார். வகுப்பில் இருப்பாள், அணைத்து வைத்திருந்தாள். ஹாஸ்டல் நம்பர் பிஸியாகவே இருந்தது.

"பதினோரு மணி வண்டிய நீ அனுப்பிடு" என்று லிஸ்ட்டை மடித்துக்கொண்டு எழுந்தார்.

"அண்ணே, நான் டிரைவர்ணே."

"விசில் ஊதத் தெரியுமில்ல? ஊது."

பஸ்ஸில் ஏறிய பிறகு மனைவிக்குச் சொன்னார். அந்தப் பக்கம் ஓடிக்கொண்டிருந்த தையல் மெஷின் நின்றது.

"எட்டு வருஷமா அதையே கட்டிக்கிட்டு கெடந்தீங்க. ஒரு கல்யாணம் காட்சிக்கு வந்தீங்களா? நான் ஒரு வார்த்த கேட்டேனா?"

"இல்ல."

"இப்ப வந்து தப்புங்கறீங்க."

"ம்."

"சரி, போங்க. சண்டைய அப்புறம் வச்சுக்கலாம். போய்ச் சேந்ததும் சொல்லுங்க."

இரண்டு பஸ் மாறி ஹாஸ்டலுக்குப் போய்ச் சேரும்போது மதியம் மணி ஒன்றரை. சமையலறைக்குப் பின்னால் ஸ்டோர் ரூம். ஸ்டோரைப் பார்த்துக்கொள்ளும் அம்மாள் கண்ணாடியை மூக்கு நுனியில் போட்டுக்கொண்டு முட்டை எண்ணிக்கொண்டிருந்தார். ஃபிரிட்ஜ் கதவில் லிஸ்ட் பிளாஸ்டிக் உறைக்குள் பளிச்சென்று ஒட்டியிருந்தது. பல வரிகளில் சிவப்பு மையில் டிக்.

"வாங்க சார். உங்க லிஸ்ட்ட பாத்துத்தான் பிஸ்கட்டையே மாத்திட்டேன். ஒரு புள்ளைக்குத் தனியா, மத்ததுக்குத் தனியான்னா அது மனசு கஷ்டப்படும் இல்லையா? அதான் எல்லாருக்கும் ஒரே பிஸ்கட்." ஓர் அட்டைப்பெட்டியைக் காலால் தள்ளிக் காட்டினார். மஞ்சள் உறை. "இன்னைக்கு நாலு மணி டீக்கு இதான் மொதல்."

டைம் கீப்பர் மாவு மூட்டை மேலேயே உட்கார்ந்துவிட்டார்.

"அதுல இருக்குங்கம்மா. லிஸ்ட் தப்பு."

"நீங்கதான சார் குடுத்தீங்க?"

"நான்தான் குடுத்தேன்."

அம்மாள் அவர் முகத்தைப் பார்த்துவிட்டு ஒரு டம்ளர் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார்.

சாப்பிட வந்த மகளை ஆள் விட்டு அழைத்தார்கள். அப்பாவை ஸ்டோர் ரூமில் பார்த்ததும் அவளுக்கு முகம் சுருங்கியது. "என்னப்பா, மூணாவது நாளே வந்துட்டீங்க? எல்லாரும் பாக்கறாங்க."

"பையை எடு. வீட்டுக்குப் போலாம்."

"எதுக்கு?"

சொன்னார். கேட்டுக்கொண்டே நின்றாள். கை அவளை அறியாமல் இடுப்புப் பையைத் தொட்டுப் பார்த்தது. வேர்க்கடலை பட்டுவிட்டால் உடனே தொடையில் குத்திக்கொள்ளும் ஊசி எப்போதும் அதில்தான் இருக்கும்.

"சரி, வீட்டுக்கு வந்து?"

"மறுபடி மொதல்லேர்ந்து போடறேன். அறுபத்து மூணுல பத்தொம்பதுதான் ஞாபகம் வருது. மிச்சத்துக்குப் போன் போட்டுக் கேக்கணும்."

"எவ்வளவு நாளாகும்?"

அவர் விரல் விட்டு எண்ணத் தொடங்கினார்.

"போன தடவை எட்டு வருஷமாச்சுப்பா. அதுவரைக்கும் நான் வீட்ல உக்காந்து அம்மாவுக்குப் பட்டன் தைக்கணுமா?"

"உயிரோட இருப்பே."

சொல்லியிருக்கக் கூடாது என்று சொன்ன பிறகு தெரிந்தது. அவள் கண் கலங்கியது. அழவில்லை. அழாமல் இருக்க அவள் படுகிற பாடுதான் அவருக்குத் தாங்கவில்லை.

ஸ்டோர் அம்மாள் தொண்டையைக் கனைத்தார். "குறுக்க பேசறேன்னு நெனைக்காதீங்க சார். உங்க லிஸ்ட்ல எத்தன அயிட்டம்?"

"நானூத்திப் பன்னண்டு."

"என் ராக்குல இருபத்தாறு. எண்ணிப் பாருங்க. ஊருல உள்ள கடையெல்லாம் நான் வாங்கி வச்சுக்கிட்டா சமைக்கறேன்?"

டைம் கீப்பர் ராக்கைப் பார்த்தார். எட்டு வருஷமாக அவர் பார்த்ததெல்லாம் திரையில்தான். இங்கே ஐந்து தட்டு, கொஞ்சம் டின், கொஞ்சம் பாக்கெட். இவ்வளவுதானா என்று இருந்தது. அதில் நிம்மதி இருந்ததா, இத்தனை நாள் உழைப்பு இவ்வளவுதானா என்ற சலிப்பு இருந்ததா, அவருக்கே பிரித்துச் சொல்லத் தெரியவில்லை.

ஒவ்வொன்றாக இறக்கினார்கள். அரிசி, பருப்பு, உப்பு, சர்க்கரை என்று பதினேழு பிரச்சினை இல்லாதவை. இரண்டு அவருக்கு நிச்சயமாகத் தெரிந்தவை, மஞ்சள் உறையும் சாஸும். அவற்றை அம்மாள் தானே தூக்கிக்கொண்டு போய் வெளியே வைத்தார். மிச்சம் ஏழு. உறையில் இருந்த நம்பருக்கெல்லாம் போன் போட்டார். ஒன்றில் பாட்டு ஓடிக்கொண்டே இருந்தது. ஒன்றில் நாளைக்குக் கூப்பிடச் சொன்னார்கள். மூன்றாவதில், "அதான் உறையில போட்டிருக்கே சார்" என்று ஒரு பையன் அலுத்துக்கொண்டான். காலையிலிருந்து ஒன்றும் சாப்பிடாததில் அவருக்குக் குரல் கம்மிவிட்டது.

மகள் கையை நீட்டினாள். "குடுங்க."

"உனக்குத் தெரியாதும்மா, சரியா கேக்கணும்."

"குடுங்கப்பா."

வாங்கிக் காதில் வைத்துக்கொண்டாள். "அண்ணா, உள்ள என்ன போடறீங்கன்னு கேக்கல. அதே மெஷின்ல வேற என்ன ஓட்டறீங்கன்னுதான் கேக்கறேன். உங்களுக்குத் தெரியலன்னா தெரிஞ்சவங்ககிட்ட குடுங்க. நான் லைன்லயே இருக்கேன்... இருக்கேன், இருக்கேன். எனக்கு அவசரம் இல்ல." வகுப்பு மணி அடித்தது. அவள் அசையவில்லை.

நாலு மணி ஆகும்போது ஐந்துக்கு, கடலை ஓட்டுவதில்லை என்று பதில் வந்திருந்தது. பதில் வராத இரண்டும் வெளியே போயின. ஸ்டோர் அம்மாள் டீயும் வாழைப்பழமும் எடுத்துக்கொண்டு போனார். "பிஸ்கட் இல்லியா?" என்று வெளியே பிள்ளைகள் முனகுவது கேட்டது. மகள் தலையைக் குனிந்துகொண்டு ஃபிரிட்ஜ் கதவிலிருந்த பழைய லிஸ்ட்டைக் கிழித்தாள். அந்த இடத்தில் ஒற்றைத் தாளில் எழுதியதை ஒட்டினாள்.

"நாளைக்கு வரட்டுமா?" என்றார் அவர்.

"ஞாயித்துக்கெழமை வாங்க. நாளைக்கு வேணாம்."

"அந்த அம்மா புதுசா எதாவது வாங்கினா?"

"வாங்கினா நான் போன் போட்டுக் கேக்கறேன்."

"எனக்கா?"

"தொழிற்சாலைக்குப்பா."

அவர் தலையாட்டினார். வெளியே வந்து மனைவிக்குச் சொன்னார். பிறகு, திரும்பிப் போகும் பஸ் எந்தப் பக்கம் நிற்கும் என்று வாசலில் நின்ற காவலாளியிடம் கேட்டார்.